சைகானில் பின் சீட்டே போதும்!

வியட்நாம் ட்ரிப் பற்றி எனக்கு வரும் ரீல்ஸ் எல்லாவற்றிலும் ஒரே ஃபார்முலாதான். ஒரு ஸ்கூட்டரை வாடகைக்கு எடு. ஹெல்மெட்டில் கேமராவை மாட்டு. ஹோ சி மின் நகரத்து டிராஃபிக்குள் புகுந்து போ. நடுவில் எங்காவது நிறுத்தி, கரு வளர்ந்த வாத்து முட்டையை முகம் சுளித்துக்கொண்டே சாப்பிடு. கீழே "ப்ரோ, வேற லெவல்" என்று நூறு கமெண்ட்.

அந்த ஊர்த் தெருச் சாப்பாட்டைத் தெரிஞ்சுக்க ஸ்கூட்டர் வேணும், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனா ஹேண்டில்பாரைப் பிடிக்க வேண்டியது நாம இல்லை. நம்ம இடம் பின் சீட்டு. பயத்தில் இதைச் சொல்லலை. அந்தச் சாப்பாடு எப்படி இயங்குதுன்னு புரிஞ்சா நீங்களும் இந்த முடிவுக்குத்தான் வருவீங்க. புரியலைன்னா, அங்கே பல வருஷமா நடக்கிற ஒரு பெரிய சண்டையும் நம்ம கண்ணில் படாது. நடைபாதை யாருக்குங்கிற சண்டை அது.

முதலில் பெயர்க் குழப்பத்தை முடிச்சுடுவோம். 1976-ல் சைகான் அதிகாரபூர்வமாக ஹோ சி மின் நகரம் ஆனது. பேச்சில் இன்னும் சைகான்தான். 2025 ஜூலையில் பக்கத்து இரண்டு மாகாணங்களை நகரத்தோடு சேர்த்து, "டிஸ்ட்ரிக்ட் 1", "டிஸ்ட்ரிக்ட் 4" என்ற நிர்வாகப் பிரிவுகளையும் எடுத்துட்டாங்க. ஆனாலும் வழி கேட்டா டிஸ்ட்ரிக்ட் நம்பர்தான் பதிலா வருது. நானும் அப்படியே எழுதுறேன். 2023-ல் திருச்சியிலிருந்து நேரடி விமானம் தொடங்கின பிறகு நம்ம பசங்க நிறைய பேர் அங்கே போறாங்க. போன செமஸ்டர் லீவில் நானும் பெரியப்பா பையனும் ஆறு நாள் இருந்துட்டு வந்தோம்.

ஊரே ஒரு மெனு கார்டு

நம்ம ஊர் ஹோட்டல் மெனுவில் இட்லியில் தொடங்கி சில்லி கோபி வரைக்கும் அறுபது ஐட்டம் இருக்கும். சைகான் தெருவில் ஒரு தள்ளுவண்டிக்கு பெரும்பாலும் ஒரே ஒரு ஐட்டம். நூடுல்ஸ் சூப் விற்கிறவங்க அதை மட்டும் விற்பாங்க. இருபது வருஷமா அதையே செய்றவங்க கைக்கு அளவு பார்க்கிற கரண்டி தேவைப்படாது. அந்தோணி போர்டெய்ன் தன் டிவி நிகழ்ச்சியில் காட்டியதால் உலகத்துக்கே தெரிந்த "லஞ்ச் லேடி" கடையும் இதே கதைதான். ஒரு நாளைக்கு ஒரு சூப். நாளைக்கு வேற. அவங்க என்ன சமைக்கிறாங்களோ அதுதான் அன்னைக்குச் சாப்பாடு.

இதனால் என்ன ஆகுதுன்னா, நாலு வகை சாப்பிடணும்னா நாலு இடத்துக்குப் போகணும். ஒண்ணு இங்கே, இன்னொண்ணு மூணு கிலோமீட்டர் தள்ளி, அடுத்தது ஆத்துக்கு அந்தப் பக்கம். ஊர் முழுக்க பரவிக் கிடக்கிற ஒரே ஃபுட் கோர்ட் அது. அந்த வெயிலில் நடந்தே சுத்தினா ரெண்டாவது தட்டுக்கு முன்னாடியே ஆள் காலி. கார் எடுத்தாலும் பிரயோஜனம் இல்லை. நல்ல கடைகள் பாதி "ஹெம்" எனப்படும் சந்துகளுக்குள்ள இருக்கு, அங்கே கார் நுழையவே நுழையாது.

இந்தச் சந்துகளின் விலாசமே நம்ம கம்ப்யூட்டர் சயின்ஸ் பசங்களுக்குப் பிடிக்கும். 48/7/15 என்று எழுதியிருந்தா, மெயின் ரோட்டில் 48-ம் எண் சந்துக்குள் நுழை, அதில் 7-ம் எண் குறுக்குச் சந்தில் திரும்பு, அங்கே 15-ம் வீடு. சாட்சாத் ஃபோல்டர் பாத்! ஊர் முதல் மெட்ரோ 2024 டிசம்பர் 22-ல் ஓடத் தொடங்கியது. பென் தான் மார்க்கெட்டிலிருந்து 19.7 கிலோமீட்டர், 14 ஸ்டேஷன். அருமையான ரயில், ஆனா அது இந்த மாதிரி மூணாவது ஸ்லாஷ் வரைக்கும் கொண்டு போய் விடாது. ஸ்கூட்டர் விடும்.

இன்னொன்றையும் கவனிக்கணும். அந்தக் கடைகளுக்கு வர்ற வாடிக்கையாளர்களில் பெரும்பாலானவர்கள் டூ-வீலரில்தான் வர்றாங்க. வண்டியை ஓரமா ஒதுக்கி, இன்ஜினைக்கூட அணைக்காம, ஒரு பார்சல் வாங்கி முன்னாடி கொக்கியில் மாட்டிக்கிட்டுக் கிளம்புவாங்க. கடைக்கு வர்ற ஐஸ், ரொட்டி, கீரைக்கட்டு எல்லாமும் டூ-வீலரில்தான் வந்து இறங்குது. அதாவது, விற்கிறவர், வாங்குறவர், சப்ளை பண்றவர் மூணு பேரும் ஒரே வாகனத்தை நம்பி இருக்காங்க. ஸ்கூட்டர் அங்கே டூரிஸ்ட் விளையாட்டுப் பொருள் கிடையாது, அந்தச் சமையலறையின் கன்வேயர் பெல்ட்.

அடுத்தது நேரம். காலையில் ஒரு அம்மா அரிசிச் சாப்பாடு விற்கிற அதே நடைபாதை மூலையில், மதியம் வேற ஒருத்தர் காபி போடுவார், ராத்திரி இன்னொரு குடும்பம் நத்தை வறுக்கும். ஈ.சி.இ. பசங்க டைம் டிவிஷன் மல்டிபிளெக்சிங் படிச்சிருப்பீங்க. ஒரே சேனல், ஆளுக்கு ஒரு டைம் ஸ்லாட். இரண்டு மீட்டர் நடைபாதையில் மூணு குடும்பம் பிழைக்கிற அந்த ஏற்பாட்டை எந்த இன்ஜினியரும் வரைந்து கொடுக்கவில்லை. ஆனெட் கிம் என்ற நகரத் திட்டமிடல் ஆய்வாளர் இந்த நடைபாதைகளையே வரைபடமா வரைந்து 2015-ல் "சைடுவாக் சிட்டி" என்று ஒரு புத்தகம் எழுதியிருக்காங்க. நம்ம கண்ணுக்கு கூச்சலா தெரியிற இடத்தில் ஒழுங்கு இருக்குன்னு ஒத்துக்கவே கொஞ்சம் பொறுமை வேணும்.

ஓட்டாம இருக்க மூணு காரணம்

ஒன்று, சட்டம். நம்ம ஆர்.டி.ஓ. ஆபீஸில் தர்ற இன்டர்நேஷனல் டிரைவிங் பெர்மிட் 1949 ஜெனீவா ஒப்பந்தப்படி தரப்படுவது. வியட்நாம் ஏற்பது 1968 வியன்னா ஒப்பந்தப்படி தரப்படும் பெர்மிட்டை. இரண்டும் வேற வேற. வாடகைக் கடைக்காரர் எதையும் கேட்காம சாவியைக் கொடுத்துடுவார். போலீஸ் கேட்கும். விபத்து நடந்தா இன்சூரன்ஸ் கம்பெனி கண்டிப்பா கேட்கும். செல்லாத லைசென்ஸோட ஓட்டினவருக்கு க்ளெய்ம் கிடைக்கும்னு நம்பி, வெளிநாட்டு ஆஸ்பத்திரி பில்லுக்கு வீட்டில் கடன் வாங்க வைக்காதீங்க. "ஒண்ணும் ஆகாது மச்சி" என்கிற வாக்கியம் எந்தப் பாலிசியிலும் எழுதப்படவில்லை.

பின்னாடி உட்கார்ந்தாலும் ஹெல்மெட் கட்டாயம், அங்கே 2007 டிசம்பரிலிருந்தே சட்டம் அப்படி. 2020-லிருந்து வண்டி ஓட்டுறவர் ரத்தத்தில் ஒரு துளி ஆல்கஹால் இருந்தாலும் அபராதம். "ஒரு பீர்தானே" என்ற பேச்சே இல்லை. நத்தைக் கடையில் உங்களை ஓட்டிக்கிட்டு வந்தவருக்கு பீர் ஊத்திக் கொடுக்கிறது நட்பும் இல்லை.

இரண்டு, கண்ணும் மூக்கும். ஓட்டுறவர் முன்னாடி போற வண்டியையும், பக்கவாட்டில் நுழையிற வண்டியையும், எதிரில் வர்ற வண்டியையும் மட்டும்தான் பார்க்க முடியும். பின்னாடி இருக்கிறவருக்குத்தான் கரியில் பன்றி இறைச்சி சுடுற புகை எந்தச் சந்திலிருந்து வருதுன்னு தெரியும். எந்தக் கடையில் நீல நிற பிளாஸ்டிக் முக்காலி எல்லாம் நிறைஞ்சிருக்கு, எந்தக் கடையில் டூரிஸ்ட் மட்டும் உட்கார்ந்திருக்கான்னு தெரியும். அந்த முக்காலிகளை ஒண்ணுக்குள்ள ஒண்ணு அடுக்கி இரண்டு நிமிஷத்தில் வண்டியில் ஏத்திடலாம் என்பதும் தெரியும். அது ஏன் அவசியம்னு பின்னாடி சொல்றேன்.

மூன்று, இதுதான் முக்கியம். முன் சீட்டில் இருக்கிறவர்தான் எங்கே நிறுத்தணும்னு முடிவு பண்றார். நாம ஓட்டினா கூகுளில் 4.8 ஸ்டார் வாங்கின இடத்தில் நிறுத்துவோம். அந்த ஊர்க்காரர் ஓட்டினா அவர் சாப்பிடுற இடத்தில் நிறுத்துவார். அங்கே காலேஜ் படிக்கிற பசங்களே பகுதிநேர வேலையா இப்படி டூரிஸ்ட்டுகளைக் கூட்டிட்டுப் போறாங்க. எங்களைக் கூட்டிட்டுப் போனதும் நம்ம வயசுப் பெண், டூரிசம் மாணவி. "இந்த ஊரிலேயே பெஸ்ட் ஃபோ சூப் எங்கே கிடைக்கும்?" என்று கேட்டேன். "எத்தனை மணிக்கு?" என்று திருப்பிக் கேட்டாங்க. எனக்கு முதலில் புரியலை. ஆறு நாளில் நான் கத்துக்கிட்டதில் பெரிய விஷயம் அந்த ஒரு கேள்விதான். அங்கே "எது பெஸ்ட்" என்று கேட்டா பதில் கிடைக்காது. இந்த நேரத்துக்கு, இந்தப் பக்கத்தில், என்ன அடுப்பில் இருக்குன்னு கேட்கணும்.

ஒரு நாளின் தட்டுகள்

காலை: "கம் தம்". உடைந்த அரிசிச் சோறு. ஆமாம், நம்ம நொய், குருணைதான். ஆலையில் அரைக்கும்போது உடைஞ்சு, நல்ல விலைக்குப் போகாத அரிசியை ஏழைகள் சமைச்சுச் சாப்பிட்டாங்க. இன்னைக்கு அதுதான் சைகானின் அடையாளச் சாப்பாடு. கரியில் சுட்ட பன்றி இறைச்சி, முட்டை கலந்த ஒரு கேக், ஊறுகாய், மேலே இனிப்பும் புளிப்பும் கலந்த மீன் சாஸ். நொய்யை நாம இன்னும் காய்ச்சல்காரர் கஞ்சிக்குன்னு ஒதுக்கி வெச்சிருக்கோம். அவங்க அதைத் தட்டின் நடுவில் வெச்சுட்டாங்க.

கூடவே காபி. காபி உற்பத்தியில் பிரேசிலுக்கு அடுத்த இடம் வியட்நாமுக்குத்தான், பெரும்பாலும் ரொபஸ்டா கொட்டை. டம்ளர் மேல் சின்ன ஃபில்டரை வெச்சு, சொட்டுச் சொட்டா இறங்க விட்டு, கண்டென்ஸ்டு மில்க் கலந்து ஐஸ் போட்டுத் தருவாங்க. டிஸ்ட்ரிக்ட் 3-ல் ஒரு சந்துக்குள் "சியோ லியோ" என்ற கடை 1938-லிருந்து நடக்குது. அங்கே ஃபில்டரும் இல்லை, துணி வடிகட்டிதான். நம்ம டீ மாஸ்டர் கையில் இருக்குமே, அதே மாதிரி.

வழியில் கையோடு: "பான் மீ". பிரெஞ்சுக்காரன் கொண்டு வந்த ரொட்டி. 1958-ல் தொடங்கின "ஹோவா மா" என்ற கடைதான் இறைச்சி, ஊறுகாய் எல்லாத்தையும் ரொட்டிக்குள்ளேயே வெச்சு கையில் கொடுத்த ஆரம்பக் கடைகளில் ஒன்று. 2011-ல் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதியே அந்தப் பெயரைச் சேர்த்துக்கிச்சு. ஸ்கூட்டரை நிறுத்தாமலே வாங்கக்கூடிய சாப்பாடு ஜெயிக்காம என்ன பண்ணும்?

சாயங்காலம்: "பான் த்ராங் த்ரோன்". அரிசி அப்பளத்தைக் கத்தரியால் கீற்றுக் கீற்றா வெட்டி, மாங்காய், காடை முட்டை, காய்ந்த மாட்டிறைச்சி, மிளகாய் எல்லாம் போட்டுக் கலக்கித் தர்ற மிக்சர். ஸ்கூல், காலேஜ் பசங்க கூட்டம் கூட்டமா வாங்குவாங்க. கேட்டுக்கு வெளியே மாங்காய்க் கீற்றில் மிளகாய்ப்பொடி போட்டுச் சாப்பிட்டு வளர்ந்தவங்களுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படாது. அப்புறம் "பான் செயோ". அரிசி மாவு, தேங்காய்ப்பால், மஞ்சள்தூள் கரைச்சு கல்லில் ஊத்துற முறுகல். மஞ்சள் நிறத்தைப் பார்த்து முட்டைன்னு நினைக்காதீங்க. "செயோ" என்பது மாவு சட்டியில் விழும் சத்தம். நாம "சொய்ங்" என்கிறோம், அவ்வளவுதான். கீரையில் சுருட்டி, சாஸில் தொட்டுச் சாப்பிடணும்.

ராத்திரி: "ஹூ தியூ கோ". "கோ" என்றால் தட்டுவது. வண்டி ஒரு மூலையில் நிற்கும். ஒரு பையன் இரண்டு கட்டைகளைத் தட்டிக்கிட்டே சந்து சந்தா போவான். சத்தம் கேட்டு வீட்டிலிருந்து ஆர்டர் சொல்லுவாங்க, கிண்ணம் வீட்டுக்கே வரும். ஆப் வர்றதுக்கு ரொம்ப முன்னாடியே இருந்த ஃபுட் டெலிவரி! இப்போ அந்தத் தட்டல் குறைஞ்சு போச்சு, பெயர் மட்டும் நிக்குது. இன்னும் பசி இருந்தா டிஸ்ட்ரிக்ட் 4-ல் வின் கான் தெரு. நத்தை, சிப்பி வகைகளுக்கே ஒரு முழுத் தெரு.

நமக்கு ரொம்ப நெருக்கமான தட்டு ஒன்றும் உண்டு. அதன் பெயர் "கா ரி". எலுமிச்சைப் புல்லும் தேங்காய்ப்பாலும் சேர்த்த கோழிக் குழம்பு, தொட்டுக்க பிரெஞ்சு ரொட்டி. பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் செட்டியார்களும் புதுச்சேரித் தமிழர்களும் சைகானில் வாழ்ந்தாங்க. பென் தான் மார்க்கெட் பக்கத்தில் அவங்க காலத்து மாரியம்மன் கோவில் இன்னும் இருக்கு, வியட்நாமியர்களும் சீனர்களும் வந்து கும்பிடுறாங்க. டோங் டு தெருவில் தென்னிந்திய முஸ்லிம்கள் 1935-ல் கட்டின மசூதி இருக்கு. கறி என்ற சொல் அந்த ஊர் அடுப்பில் எப்படி ஏறியிருக்கும்னு இந்த இரண்டு கட்டடங்களைப் பார்த்தாலே ஊகிக்கலாம்.

சைவம் சாப்பிடுறவங்களுக்கு ஒரே ஒரு சொல் போதும்: "சாய்". போர்டில் அந்தச் சொல் இருந்தா புத்த சமயத்தவர் சாப்பிடுற சைவக் கடை. அவங்களில் பலரும் சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும் விரதம் இருப்பாங்க, அன்னைக்கு இந்தக் கடைகளில் கூட்டம் அலைமோதும். மற்ற கடையில் "கறி வேண்டாம்" என்று மட்டும் சொன்னா மீன் சாஸோட வரும். அதனால் "சாய்" என்றே கேளுங்க.

வாத்து முட்டையை நான் ஏன் சொல்லலை? அதுவும் நல்ல சாப்பாடுதான். அங்கே வேலை முடிஞ்சு வர்றவங்க உப்பும் கீரையும் தொட்டு ரசிச்சுச் சாப்பிடுறாங்க. பக்கத்து முக்காலியில் உட்கார்ந்துக்கிட்டு அதையே கேமரா முன்னாடி "அய்யய்யோ" என்று துப்புறது அநாகரிகம். நம்ம ஊர் கருவாட்டுக் குழம்பை ஒருத்தர் அப்படிப் பண்ணினா நமக்கு எப்படி இருக்கும்?

நடைபாதை யாருக்கு?

இப்போ அந்த முக்காலி விஷயம். அவை ஏன் அவ்வளவு லேசா, அடுக்கிற மாதிரி இருக்கு? விலை குறைவு, சரி. கூடவே, அதிகாரிகள் வந்தா உடனே தூக்கணும். 2017-ல் டிஸ்ட்ரிக்ட் 1 துணைத் தலைவரா இருந்த தோவான் நோக் ஹாய், நடைபாதை ஆக்கிரமிப்பை அகற்றுறேன்னு தானே தெருவில் இறங்கினார். கட்டடங்களின் படிக்கட்டுகளை உடைச்சாங்க, நடைபாதையில் நின்ற அரசு கார்களைக்கூட விடாம இழுத்துட்டுப் போனாங்க. அந்தப் பகுதியை "குட்டி சிங்கப்பூர்" ஆக்குவதுதான் இலக்கு. பெரிய இடத்தையும் விடலையேன்னு பலர் கைதட்டினாங்க. ஆனா கார்காரருக்குப் போனது ஒரு அபராதம். தள்ளுவண்டி அம்மாவுக்குப் போனது அன்றைய அடுப்பு. 2018 ஜனவரியில் அவர் ராஜினாமா கடிதம் கொடுத்தார். வண்டிகள் மெதுவா திரும்பி வந்தன.

எதிர்த்தரப்பு நியாயத்தையும் சொல்லணும். நடைபாதை நடக்கத்தான். சக்கர நாற்காலியில் வர்றவரும், குழந்தையைக் கூட்டிட்டு வர்ற அம்மாவும் வண்டிகளுக்குப் பயந்து ரோட்டில் இறங்கி நடக்கணும்னா அதுவும் அநியாயம்தான். கழிவுத் தண்ணீர், சுகாதாரம் எல்லாமே உண்மையான பிரச்சினைகள். ஆனா "எல்லாரையும் தூக்கு" என்பதுதான் ஒரே வழின்னு சொல்றதை நான் ஏத்துக்கலை.

ஏன்னா வேற வழியை அந்த ஊரே முயற்சி பண்ணியிருக்கு. அதே 2017-ல் நுயென் வான் சியெம் தெருவில் ஒரு இடம் ஒதுக்கி, வியாபாரிகளுக்கு நேரம் பிரிச்சுக் கொடுத்தாங்க. தெரு ஏற்கெனவே கண்டுபிடிச்ச டைம் ஸ்லாட்டை அரசு காகிதத்தில் எழுதினது, அவ்வளவுதான். 2024-லிருந்து கட்டணம் கட்டி நடைபாதையைப் பயன்படுத்தும் முறை வந்திருக்கு. நடக்கிறவங்களுக்குக் குறைந்தது 1.5 மீட்டர் விடணும், மீதி இடத்துக்கு வாடகை. திசை சரியானதுதான். என் கவலை ஒன்றுதான். தெருவைப் பார்த்துக் கடை வெச்சிருக்கிறவர் சுலபமா விண்ணப்பம் போட்டுடுவார். வெளி மாகாணத்திலிருந்து வந்து, தோளில் காவடி மாதிரி இரண்டு கூடை தூக்கிட்டு அலையிறவங்க எந்தச் சதுர மீட்டருக்கு விண்ணப்பம் போடுவாங்க? கட்டணம் கட்டக்கூடியவருக்கு மட்டும் நடைபாதைன்னு ஆனா, நொய்யைச் சோறாக்கின மக்களே அந்தத் தெருவில் இருக்க மாட்டாங்க.

2023 ஜூனில் மிஷலின் கைடு அந்த நகரத்துக்கு வந்தது. சுற்றுலா விளம்பரங்களில் தெரு உணவு முன்னாடி நிக்குது. விளம்பரத்தில் அந்த அம்மாவின் சிரிப்பு வேணும், நடைபாதையில் அவங்க முக்காலி வேண்டாம்னா அது எந்த ஊராக இருந்தாலும் நியாயம் இல்லை. இதில் டூரிஸ்ட்டா போற நமக்கும் பங்கு இருக்கு. நாம அதை ஒரு "டேஞ்சர் அட்வென்ச்சர்" மாதிரி காட்டக் காட்ட, அது ஒழிக்க வேண்டிய குழப்பம்னு சொல்றவங்க கைதான் ஓங்கும். அது வேலை செய்கிற ஒரு அமைப்புன்னு காட்டினா, அதைக் காப்பாத்தணும்னு பேச ஒரு காரணமாவது இருக்கும்.

அதனால் அடுத்த லீவுக்கு டிக்கெட் போடுறவங்களுக்கு என் பட்டியல் இதுதான். வண்டியை வாடகைக்கு எடுக்காதீங்க, ஓட்டுறவரோட சேர்த்து எடுங்க. ஆப்பில் பைக் டாக்சி கூப்பிட்டாலும் சரி, அங்கத்து மாணவர்களோட போனாலும் சரி. கூட்டம் வேகமா வந்து வேகமா போற வண்டியில் சாப்பிடுங்க, சாப்பாடு சூடா இருக்கும். ஒரு ரூபாய்க்கு ஏறக்குறைய 300 டாங், அதனால் ஒரு பான் மீக்கு 25,000 டாங்னு கேட்டதும் பதறாதீங்க, நம்ம காசில் நூறுகூட வராது. அதில் போய் பேரம் பேசாதீங்க. முகத்தைப் படம் எடுக்கிறதுக்கு முன்னாடி கேளுங்க. சாப்பிட்டதும் முக்காலியைக் காலி பண்ணுங்க, அடுத்தவர் வண்டியை ஓரங்கட்டிக்கிட்டு நிக்கிறார்.